நம்பரே ஆகாமல் அப்பாவின் அப்பீல் தள்ளுபடி ஆகிவிட்டது. இனி வழி உண்டா?

மேலத்தெரு
செவ்வாய், காலை 7.12

எல்லோருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் கொல்லைக்குப் போக ஒரு வண்டிப் பாதை உண்டு. தாத்தா காலத்திலிருந்து நெல்லும் வைக்கோலும் அந்த வழியாகத்தான் வீட்டுக்கு வரும். அது தன் பட்டாவில் வருகிறது என்று பக்கத்து நிலத்துக்காரர் வேலி போட்டார். அப்பாவும் சித்தப்பாவும் முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டார்கள். ஏழு வருடம் நடந்து, தோற்றது.

சப் கோர்ட்டில் அப்பீல் போட்டோம். கெடு 30 நாள். தீர்ப்பின் நகலுக்கு எழுதிப்போட்டுக் காத்திருந்த நாட்களைக் கழித்தால் 27-ஆம் நாளே தாக்கல் ஆகிவிட்டது. வக்கீல் "போட்டாச்சு, நம்பர் ஆனதும் சொல்றேன்" என்றார். கோர்ட் மனுவைச் சரிபார்த்து வழக்கு எண் கொடுப்பதைத்தான் நம்பர் ஆவது என்கிறார்கள். அப்பா மாதம் ஒருமுறை போய்க் கேட்டார். ஒவ்வொரு முறையும் "இன்னும் நம்பர் ஆகல" என்ற பதில்தான். கோர்ட் என்றால் தாமதமாகத்தானே இருக்கும் என்று நாங்களும் நம்பினோம்.

போன ஐப்பசியில் பக்கத்து நிலத்துக்காரர் பாதையின் குறுக்கே சுவர் எழுப்ப ஆரம்பித்தார். தடை கேட்க ஓடியபோதுதான் விஷயம் தெரிந்தது. தாக்கல் செய்த இரண்டாவது வாரமே, குறைகளைச் சரிசெய்யச் சொல்லி அப்பீல் வக்கீலுக்கு ரிட்டர்ன் ஆகியிருக்கிறது. மூன்று குறைகள்: வக்காலத்தில் (வக்கீலை நியமிக்கும் பத்திரம்) சித்தப்பாவின் கையெழுத்து இல்லை, கோர்ட் ஃபீயில் 40 ரூபாய் குறைவு, சொத்து விவரத்தில் புல எண்ணின் உட்பிரிவு தவறு. ஏழு நாள் கெடு கொடுத்திருக்கிறார்கள். அந்த வழக்குக் கட்டு வக்கீலின் குமாஸ்தா மேஜையிலேயே கிடந்திருக்கிறது. அவர் வேலையை விட்டுப் போக, புதிதாக வந்தவருக்கு எதுவும் தெரியவில்லை.

அப்புறம் குறைகளைச் சரிசெய்து, 604 நாள் தாமதத்தை மன்னிக்கக் கேட்டு மனுவோடு திரும்பப் போட்டார்கள். போன வாரம் அந்த மனு தள்ளுபடி. மனு போனதால் அப்பீலும் போயிற்று. அப்பாவுக்கு 71 வயது. "என் கேஸை யாருமே படிக்கலையேடா" என்று மட்டும் சொல்லிக்கொண்டிருக்கிறார். உண்மையும் அதுதான். பாதை யாருடையது என்று சப் கோர்ட்டில் ஒரு வார்த்தை பேசப்படவில்லை.

வழி ஏதாவது உண்டா?

---

மழைக்காலம்
செவ்வாய், காலை 8.40

மனசு கஷ்டமாக இருக்கிறது. அந்த வக்கீலை நுகர்வோர் கோர்ட்டுக்கு இழுங்கள். சும்மா விடாதீர்கள்.

---

வக்கீல்_தெற்கு
செவ்வாய், இரவு 9.05

மேலத்தெரு, முதலில் ஒன்று சொல்லுங்கள். அந்தத் தாமத மனு எந்தப் பிரிவில் போடப்பட்டது? உத்தரவு நகல் கையில் இருந்தால் முதல் பக்கத்திலேயே இருக்கும்.

மழைக்காலம், நுகர்வோர் கோர்ட் வழி இப்போது இல்லை. வக்கீலின் சேவை நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்துக்குள் வராது என்று 2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது. தொழில் ஒழுங்கு மீறல் என்றால் வழக்கறிஞர்கள் சட்டம் 1961, பிரிவு 35-இன் கீழ் பார் கவுன்சிலில் புகார் கொடுக்கலாம். நஷ்ட ஈடு வேண்டும் என்றால் சிவில் வழக்குதான். ஆனால் இவற்றில் எதுவும் அப்பீலைத் திரும்பக் கொண்டுவராது. முதலில் அப்பீலைப் பார்ப்போம்.

---

மேலத்தெரு
செவ்வாய், இரவு 9.31

சார், உத்தரவில் "காலவரையறைச் சட்டம் பிரிவு 5 மற்றும் உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 151" என்று இருக்கிறது. தள்ளுபடிக்குக் காரணமாக, "ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் போதிய விளக்கம் இல்லை, கட்டு மற்றக் கட்டுகளோடு கலந்துவிட்டது என்ற பொதுவான காரணம் ஏற்கத்தக்கதல்ல" என்று எழுதியிருக்கிறார்கள்.

---

வக்கீல்_தெற்கு
செவ்வாய், இரவு 10.20

உங்கள் வழக்கின் முடிச்சு அங்கேதான் இருக்கிறது. எல்லோருக்கும் பயன்படும் என்பதால் விரிவாகவே எழுதுகிறேன்.

தாமதம் இரண்டு வகை. கெடு முடிந்த பிறகு அப்பீலே போடுவது ஒன்று. கெடுவுக்குள் போட்டு, குறைக்காகத் திரும்பி வந்து, அதைச் சரிசெய்து மறுபடி போடுவதில் ஏற்படும் தாமதம் இன்னொன்று. பிரிவு 5 முதல் வகைக்கு உரியது. இரண்டாவது வகையில் அப்பீல் ஏற்கெனவே நேரத்தில் தாக்கல் ஆகிவிட்டது, எனவே பிரிவு 5 அங்கே பொருந்தாது என்று உச்ச நீதிமன்றம் 1970-களிலேயே சொல்லிவிட்டது. முத்திரைக் கட்டணம் குறைவு என்று திருப்பித் தந்த ஆவணத்தை மறுபடி போட்டதில் வந்த தாமதம்தான் அந்த வழக்கும். பிறகு ரயில்வே சம்பந்தப்பட்ட ஒரு நடுவர் தீர்ப்பு (கோர்ட்டுக்கு வெளியே நடுவர் சொன்ன தீர்ப்பு) வழக்கிலும் இதே நிலைப்பாடு. அங்கே சட்டம் விதித்த கெடு மிகக் கறாரானது. அப்படியிருந்தும் அந்தக் கெடு மறு தாக்கலுக்குப் பொருந்தாது என்றார்கள்.

மறு தாக்கல் தாமதத்துக்கு நடைமுறைச் சட்டத்தின் 148, 149, 151 பிரிவுகள்தான். கால நீட்டிப்புக்கு 148, கட்டணக் குறைவுக்கு 149. இந்த 149 பெரிய உதவி. பற்றாக்குறைக் கட்டணத்தைப் பிறகு கட்ட நீதிமன்றம் அனுமதித்தால், முதல் நாளே முழுதாகக் கட்டியதாகக் கருதப்படும்.

148-இல் மொத்தம் 30 நாள்தான் நீட்டிக்கலாம் என்று எழுதியிருக்கிறதே என்று யாராவது கேட்கலாம். அதற்குப் பதில் சேலம் வழக்கறிஞர் சங்கம் போட்ட வழக்கில் இருக்கிறது. கைமீறிய காரணத்தால் குறித்த நாளில் செய்ய முடியாமல் போனால் 30 நாளைத் தாண்டியும் நீட்டிக்க நீதிமன்றத்துக்கு உள்ளார்ந்த அதிகாரம் உண்டு என்று 2005-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

ஆகவே உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு போடலாம், அதாவது கீழ் நீதிமன்ற உத்தரவைச் சரிபார்க்கக் கேட்கும் மனு. நடைமுறைச் சட்டம் பிரிவு 115-இன் கீழ் என்றால் 90 நாள் கெடு. அதற்குள் போடுங்கள், அதிலும் ஒரு தாமத மனு வேண்டாம். பிரிவைத் தவறாகக் குறிப்பிட்டதால் மட்டும் ஒரு மனு கெட்டுவிடாது. ஆனால் தவறான அளவுகோலை வைத்து அளந்துவிட்டார்கள் என்று வாதாட இடம் இருக்கிறது.

ஒரு எச்சரிக்கையும் உண்டு. பிரிவு 5 பொருந்தாது என்பதால் காரணமே சொல்ல வேண்டாம் என்று ஆகாது. 604 நாளுக்குக் கதை சொல்லியே ஆக வேண்டும். அப்பா மாதாமாதம் போய்க் கேட்டதற்கு என்ன ஆதாரம் இருக்கிறது என்று தேடுங்கள். போன் அழைப்பு, வாட்ஸ்அப், பணம் அனுப்பிய ரசீது எதுவானாலும் சரி. வேலையை விட்டுப் போன குமாஸ்தா ஒரு பிரமாணப் பத்திரம் தர முன்வந்தால் பாதி பாரம் குறையும்.

---

ஓய்வுபெற்ற_சிரஸ்தார்
புதன், காலை 6.50

நான் 34 வருடம் நீதிமன்ற ஊழியனாக இருந்தவன். மனு பரிசீலனைப் பிரிவில் மட்டும் ஒன்பது வருடம். இந்த இழையைப் படித்ததும் ஒரு வார்த்தை சொல்லத் தோன்றியது.

ரிட்டர்ன் போடுவது யாரையும் அலைக்கழிக்க அல்ல. மேலத்தெரு தம்பி சொன்ன மூன்றாவது குறையைப் பாருங்கள், உட்பிரிவு எண் தவறு. அதைக் கவனிக்காமல் நம்பர் கொடுத்து, வழக்கு நடந்து, உங்கள் பக்கம் தீர்ப்பும் வந்துவிட்டது என்று வையுங்கள். நிறைவேற்று மனு போட்டு அமீனா (கோர்ட் உத்தரவை நிறைவேற்றும் ஊழியர்) சர்வேயரோடு பாதையை ஒப்படைக்க வருவார். காகிதத்தில் ஒரு எண், தரையில் வேறு எண். எதிராளி அங்கேயே தடுப்பார். அப்புறம் தீர்ப்பாணையைத் திருத்த ஒரு மனு, அதற்கு ஒரு ஆட்சேபணை. ஜெயித்தும் நிலத்தில் கால் வைக்க முடியாமல் இருந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். அவர்களில் சிலருடைய மனு தொடக்கத்திலேயே ஒழுங்காகப் பார்க்கப்பட்டிருந்தால் அந்த நிலை வந்திருக்காது.

எங்கள் பக்கம் தவறே இல்லை என்று சொல்லமாட்டேன். ஒரே கட்டை மூன்று தடவை, ஒவ்வொரு தடவையும் ஒரு புதுக் குறை சொல்லித் திருப்புவது தப்பு. எல்லாக் குறையையும் முதல் தடவையே எழுதிவிட வேண்டும். என்னிடம் வேலை கற்றவர்களுக்கு நான் முதலில் சொன்னது இதைத்தான். இன்னொன்று, ரிட்டர்ன் குறிப்பை மற்றவர் படிக்கும்படி எழுத வேண்டும். கிறுக்கிவைத்தால் குமாஸ்தா என்ன செய்வார்?

---

சட்டக்கல்லூரி07
புதன், காலை 10.15

> ரிட்டர்ன் போடுவது யாரையும் அலைக்கழிக்க அல்ல

ஐயா சொல்வதை மதிக்கிறேன். ஆனால் குறை பார்ப்பதற்கும் வழக்கின் உள்ளே போய்த் தீர்ப்புச் சொல்வதற்கும் உள்ள கோடு பல முறை தாண்டப்படுகிறது. 2019-இல் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து உச்ச நீதிமன்றம் போன ஒரு விஷயம் இருக்கிறது. வன்கொடுமைத் தடுப்புச் சட்ட வழக்கில் முன்ஜாமீன் மனு. அந்தச் சட்டத்தில் முன்ஜாமீன் கிடையாது என்று பதிவகம் (மனுக்களை வாங்கிச் சரிபார்க்கும் கோர்ட் அலுவலகம்) நம்பர் கொடுக்க மறுத்தது. மனு ஏற்கத்தக்கதா என்று தீர்மானிப்பது நீதிபதியின் வேலை, பதிவகத்தின் வேலை நிர்வாக ரீதியாக எண் இடுவது மட்டுமே என்று உச்ச நீதிமன்றம் சொன்னது.

வக்காலத்துக் கையெழுத்துக் குறைக்கும் ஒரு தீர்ப்பு சொல்கிறேன், மேலத்தெருவுக்கு நேரடியாக உதவும். மேல்முறையீட்டு மனுவில் கையெழுத்து இல்லை, வக்காலத்து இல்லை என்பவை போன்ற குறைகள் சரிசெய்யக்கூடியவை, அவற்றைக் காட்டி ஒருவரின் உரிமையையே பறிக்கக் கூடாது, சரிசெய்ய வாய்ப்புத் தர வேண்டும் என்று 2005 நவம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்னது. வக்காலத்தை எவ்வளவு அலட்சியமாக நிரப்புகிறார்கள் என்று அந்தத் தீர்ப்பில் ஒரு பட்டியலே இருக்கிறது. கையெழுத்துப் போட்டவர் பெயர் இல்லாதது, எந்த அதிகாரத்தில் போட்டார் என்று இல்லாதது, வக்கீல் ஏற்றுக் கையெழுத்துப் போடாதது என்று போகும்.

---

ஓய்வுபெற்ற_சிரஸ்தார்
புதன், மதியம் 1.30

நம்பர் கொடுக்க மறுத்தது தவறுதான், அதை மறுக்கவில்லை. சந்தேகம் இருந்தால் "ஏற்புடைமைக்காக" என்று குறித்து நீதிபதி முன் வைக்க வேண்டும். எங்கள் காலத்திலும் அதுதான் முறை.

---

தேன்கூடு
புதன், இரவு 8.47

நான் சட்டம் படித்தவள் இல்லை. எனக்கு நடந்ததைச் சொல்கிறேன்.

ஜீவனாம்சம் கேட்டு மனு போட்டேன். சொத்து, வருமானம், கடன் எல்லாம் எழுதித் தர வேண்டிய பிரமாணப் பத்திரம் இணைக்கவில்லை என்று ரிட்டர்ன் ஆனது. அது எனக்குத் தெரியாது. நான் வேலை பார்ப்பது தையல் யூனிட்டில், பகலில் லீவு கேட்டால் சம்பளம் போய்விடும். 11 மாதம் கழித்துப் போய்க் கேட்டபோது "அது அப்பவே முடிஞ்சுபோச்சும்மா" என்றார்கள். குறை சரிசெய்யப்படவில்லை என்று நிராகரித்துவிட்டார்களாம்.

திரும்பப் புதிதாகப் போட்டேன். இந்த முறை மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் வக்கீல் கொடுத்தார்கள். பெண்களுக்கு வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இலவச வக்கீல் உண்டு என்று அங்கே போன பிறகுதான் தெரியும். உத்தரவும் வந்தது. ஆனால் புது மனு போட்ட தேதியிலிருந்துதான் பணம். நடுவில் போன 11 மாதம் போனதுதான். அந்த மாதங்களில் பிள்ளைக்குப் பள்ளிக் கட்டணம் கட்ட என் வளையல் போயிற்று.

ஒரு துண்டுச் சீட்டு என் கைக்கு வந்திருந்தால் அன்றைக்கே அந்தப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டிருப்பேன். கோபம் எனக்கு அதில்தான்.

---

வக்கீல்_தெற்கு
புதன், இரவு 9.58

தேன்கூடு அக்கா, படித்துவிட்டுச் சிறிது நேரம் எழுத முடியவில்லை.

நீங்கள் சொன்ன பத்திரம் 2020 நவம்பருக்குப் பிறகு கட்டாயமாயிற்று. ஜீவனாம்ச வழக்குகளில் இரு தரப்பும் சொத்து, பொறுப்பு விவரம் தர வேண்டும் என்றும், மனு போட்ட தேதியிலிருந்தே தொகை தர வேண்டும் என்றும் உச்ச நீதிமன்றம் ஒரே தீர்ப்பில் சொன்னது. உங்களுக்கு நன்மை செய்ய வந்த தீர்ப்பின் ஒரு பாதி மனுவைத் திருப்பிவிட்டது, மறு பாதி 11 மாதப் பணத்தை இல்லாமல் செய்துவிட்டது. முதல் மனுவை விடாமல் மறு தாக்கல் செய்திருந்தால் பழைய தேதியே நின்றிருக்கும். இதை உங்களிடம் யாரும் சொல்லாதது எங்கள் தொழிலின் குறை.

---

குமாஸ்தா_பெஞ்ச்
வியாழன், காலை 6.20

எல்லோரும் குமாஸ்தாவைச் சொல்கிறீர்கள். நானும் குமாஸ்தாதான், 19 வருடமாக. எங்கள் பக்கத்தையும் கேளுங்கள்.

நான் இருக்கும் ஆபீஸில் ஓடுகிற கட்டு 300-க்கு மேல். தினமும் காலையில் ஐந்து கோர்ட் வாய்தா (அடுத்த விசாரணைத் தேதி) எடுத்து டைரியில் எழுதணும், பேட்டா (சம்மன் அனுப்பும் செலவு) கட்டணும், நகல் மனு போடணும். ரிட்டர்ன் ஆன கட்டுகளை மதியத்துக்கு மேல்தான் வாங்க முடியும். சின்னக் குறை என்றால் அங்கேயே சரிசெய்துவிடுவேன். கட்சிக்காரர் கையெழுத்து வேண்டும் என்றால் அவருக்குப் போன் போகணும், அவர் வரணும். கொடுத்த நம்பர் மாறியிருக்கும். சில பேர் வெளியூரில் இருப்பார்கள். அந்தக் கட்டு "கையெழுத்துக்கு" என்று தனியாக ஒரு மூலையில் போகும். ஏழு நாள் கெடு தாண்டிவிட்டால் தாமத மனு வேண்டும், அதற்கு வக்கீல் ட்ராஃப்ட் தரணும். அவர் வேறு கேஸில் இருப்பார். கட்டுகள் சாவது பெரும்பாலும் அந்த மூலையில்தான்.

நான் இப்போது ஒன்று செய்கிறேன். ரிட்டர்ன் சீட்டை அன்றைக்கே போட்டோ எடுத்துக் கட்சிக்காரருக்கு அனுப்பிவிடுவேன். எங்கள் சாருக்கு முதலில் பிடிக்கவில்லை, கட்சிக்காரர் பயந்துவிடுவார் என்றார். பயந்தால் சீக்கிரம் வருகிறார், அவ்வளவுதான்.

கட்சிக்காரர்களுக்கு ஒரு வேண்டுகோள். "நம்பர் ஆச்சா?" என்று கேட்காதீர்கள். "ஆகல" என்ற ஒரே வார்த்தையில் பதில் முடிந்துவிடும். "எஸ்.ஆர். நம்பர் என்ன, ரிட்டர்ன் ஆயிருக்கா, சீட்டு காட்டுங்க" என்று கேளுங்கள். எஸ்.ஆர். எண் என்பது வழக்கு எண்ணுக்கு முன் கிடைக்கும் தற்காலிகத் தாக்கல் எண், தாக்கல் செய்த அன்றே விழுந்துவிடும். அது கையில் இருந்தால் நீங்களே கோர்ட்டில் போய்க் கேட்கலாம்.

---

மேலத்தெரு
வியாழன், காலை 7.44

அண்ணா, எங்களுக்கு எஸ்.ஆர். நம்பர் என்று ஒன்று இருப்பதே தெரியாது. ஈகோர்ட்ஸ் செயலியில் அப்பா பெயரைப் போட்டு நான் எத்தனையோ முறை தேடினேன். பழைய வழக்குதான் வந்தது. ஒன்றும் வராததால் இன்னும் வேலை நடக்கிறது என்று நினைத்தேன்.

---

டெல்லியில்_ஒருவன்
வியாழன், மதியம் 3.10

இங்கே உச்ச நீதிமன்றத்தில் ஒரு அலுவலகத்தில் ஜூனியராக இருக்கிறேன். இங்கே மனு போட்டதும் டைரி எண் கிடைக்கும். அதை வைத்து இணையத்தில் குறைகளின் பட்டியலையே யாரும் பார்க்கலாம். எந்தெந்தக் குறை, என்றைக்கு அறிவிக்கப்பட்டது என்று இருக்கும். உச்ச நீதிமன்ற விதிகள் 2013-இன்படி குறையைச் சரிசெய்யப் பதிவாளர் மொத்தம் 28 நாள் வரை தரலாம். செய்யாவிட்டால் காரணம் எழுதிப் பதிவு செய்ய மறுக்கலாம். அதை எதிர்த்து 15 நாளுக்குள் நீதிபதியிடம் முறையிட வழி உண்டு.

இங்கேயும் குறையோடு தூங்கும் மனுக்கள் இருக்கின்றன. ஆனால் தூங்குவது வெளியே தெரியும். இ-ஃபைலிங்கிலேயே குறைகளைக் கண்டுபிடித்துச் சொல்லும் செயற்கை நுண்ணறிவுக் கருவி ஒன்றைச் சென்னை ஐஐடியோடு சேர்ந்து செய்து, முதலில் 200 வழக்கறிஞர்களிடம் சோதனைக்குக் கொடுத்தார்கள். அது சரியாக வந்தால் கோர்ட் ஃபீ, பக்க எண், இணைப்பு விடுபட்டது போன்றவை தாக்கலுக்கு முன்பே பிடிபட்டுவிடும்.

கீழமை நீதிமன்றத்தில் மின் தாக்கல் வந்த பிறகு குறை அறிவிப்பு வக்கீலின் கணக்குக்குப் போகிறது. கட்சிக்காரரின் கைபேசிக்கும் ஒரு குறுஞ்செய்தி போனால் தேன்கூடு அக்காவுக்கு நடந்தது நடந்திருக்காது.

---

மழைக்காலம்
வியாழன், மாலை 6.02

இவ்வளவு தாமதத்தை மன்னித்ததற்கு உதாரணம் உண்டா? 604 நாள் என்றால் கிட்டத்தட்ட இரண்டு வருடமாயிற்றே.

---

வக்கீல்_தெற்கு
வியாழன், இரவு 10.11

உண்டு. 1998-இல் நம் ஊரிலிருந்து போன வழக்கிலேயே 883 நாள் தாமதத்தை உச்ச நீதிமன்றம் மன்னித்தது. கீழ் நீதிமன்றம் மன்னித்ததை உயர் நீதிமன்றம் ரத்து செய்திருந்தது, அதை மாற்றினார்கள். வக்கீல் தன் வேலையைச் செய்யாமல் விட்டதுதான் அங்கேயும் காரணம். அந்தக் கட்சிக்காரர் அந்த வக்கீல் மேல் நுகர்வோர் மன்றத்தில் 50,000 ரூபாய் நஷ்ட ஈடும் வாங்கியிருந்தார், அந்தக் காலத்தில் அது முடிந்தது. எத்தனை நாள் என்பது முக்கியமில்லை, சொல்லும் காரணம் நம்பும்படி இருக்கிறதா என்பதே முக்கியம் என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். வக்கீலின் தவறுக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று 1981-லும் சொல்லியிருக்கிறார்கள்.

எதிர்ப்பக்கமும் இருக்கிறது. 2012-இல் தபால் துறை 427 நாள் தாமதமாக வந்தபோது உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. 2020-இல் மத்தியப் பிரதேச அரசு 663 நாள் கழித்து வந்து 25,000 ரூபாய் செலவுத்தொகையோடு திரும்பியது. அவை அரசுத் துறைகள், அவற்றுக்குச் சட்டப் பிரிவும் ஆட்களும் உண்டு. உங்கள் அப்பாவை அந்தத் தராசில் வைக்க முடியாது என்று சீராய்வு மனுவில் தெளிவாக எழுதச் சொல்லுங்கள்.

---

மேலத்தெரு
(நான்கு வாரம் கழித்து) ஞாயிறு, மாலை 5.25

உதவிய எல்லோருக்கும் நன்றி. நடந்ததைச் சொல்லிவிடுகிறேன்.

பழைய குமாஸ்தாவைத் தேடிப் பிடித்தோம். இப்போது ஒரு துணிக்கடையில் இருக்கிறார். கேட்டதும் மறுக்கவில்லை. தன் மேஜையில்தான் கட்டு இருந்தது, போகும்போது யாரிடமும் ஒப்படைக்கவில்லை என்று பிரமாணப் பத்திரம் தந்தார். அப்பா நோட்டுப் புத்தகத்தில் பஸ் செலவு எழுதும் பழக்கம் உள்ளவர். "வக்கீல் ஆபீஸ், போக வர" என்று 17 இடத்தில் தேதியோடு இருந்தது. அதையும் இணைத்தோம்.

புது வக்கீல் மூலம் உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு போட்டோம். இரண்டு பக்கம் மங்கலாக இருக்கிறது என்று அதுவும் ரிட்டர்ன் ஆனது. இந்த முறை சீட்டின் போட்டோ அன்று மாலையே அப்பாவின் போனுக்கு வந்துவிட்டது. அவரே பஸ் ஏறிப் போய், நல்ல நகல் கொடுத்து, கட்டு உள்ளே போகும்வரை வக்கீலின் ஆபீஸில் உட்கார்ந்திருந்தார். நான்காம் நாள் மறு தாக்கல். போன வியாழன் நம்பர் ஆகிவிட்டது. எதிர் தரப்புக்கு நோட்டீஸ் உத்தரவாகியிருக்கிறது.

சுவர் பாதி உயரத்தில் நிற்கிறது. அந்த எண்ணை அப்பா காலண்டரில் எழுதிவைத்திருக்கிறார்.